நீல வளைய ஆக்டோபஸ்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வாட்ஸ்அப்பில் இந்த விலங்கு இரண்டு விதமாகத்தான் சுற்றிவருகிறது. ஒன்று, யாரோ ஒரு சுற்றுலாப் பயணி இதை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு சிரிக்கும் வீடியோ. இன்னொன்று, "கடித்தால் ஒரே நிமிடத்தில் மரணம்" என்று சிவப்பு எழுத்தில் போட்ட படம். முதலாமவருக்கு விஷயம் தெரியாது, இரண்டாமவர் கொஞ்சம் கூட்டிச் சொல்கிறார். இந்த ஆக்டோபஸின் நஞ்சைத் தவிர்த்துவிட்டு இதன் சாப்பாடு, இணைசேர்க்கை, பிள்ளைப்பேறு எதையும் பேச முடியாது. கீழே உள்ள பதில்களில் நஞ்சு திரும்பத் திரும்பத் தலைகாட்டுவதற்கு அதுதான் காரணம்.

இது ஒரே இனமா, பல இனங்களா?

ஹபலோக்லீனா என்ற ஒரே பேரினத்துக்குள் பெயரிடப்பட்டவை நான்கு. பவளப்பாறைகளில் அதிகம் படம் பிடிக்கப்படுவது ஹபலோக்லீனா லுனுலாட்டா, அதாவது பெரிய நீல வளைய ஆக்டோபஸ். ஆஸ்திரேலியாவின் தென்கரையில் ஹபலோக்லீனா மாக்குலோசா வாழ்கிறது. சிட்னி, பிரிஸ்பேன் பக்கத்துப் பாறைக் கரைகளில் இருப்பது ஹபலோக்லீனா ஃபாசியாட்டா. இதன் உடலில் வளையங்களோடு நீலக் கோடுகளும் இருப்பதால் நீலக் கோட்டு ஆக்டோபஸ் என்கிறார்கள். நான்காவது ஹபலோக்லீனா நியர்ஸ்ட்ராஸி. அது நம் வங்காள விரிகுடாவைச் சேர்ந்தது, அதற்குப் பின்னால் வருகிறேன்.

இந்த நான்கில் ஒன்றைப் பற்றித் தெரிந்ததை மற்றதற்கும் அப்படியே பொருத்திவிடுவது இணையத்தில் சகஜம். அதனால் எந்த ஆய்வு எந்த இனத்தில் நடந்தது என்று முடிந்தவரை பெயர் சொல்லியே எழுதுகிறேன்.

எவ்வளவு பெரிதாக இருக்கும்?

ஏமாற்றம் தரும் அளவுக்குச் சிறிது. பெரிய நீல வளைய ஆக்டோபஸின் உடல் 5 செ.மீ.யை ஒட்டி இருக்கும். கைகளை நீட்டினாலும் மொத்தம் 10 செ.மீ.தான் வரும். பெயரில் உள்ள "பெரிய" என்பது வளையங்களின் அளவைப் பார்த்து வைத்தது. உடலை மட்டும் அளந்தால் தென்கரை இனமான மாக்குலோசா இதைவிடச் சற்றுப் பெரியது, ஆனால் அதன் வளையங்கள் பொடிப்பொடியாக இருக்கும்.

எங்கே வாழ்கிறது?

லுனுலாட்டாவின் எல்லை மேற்கே இலங்கையில் தொடங்கி, இந்தோனேசியா, பிலிப்பைன்ஸ், பாப்புவா நியூ கினி வழியாக வட ஆஸ்திரேலியா, தென் ஜப்பான் வரை நீள்கிறது. பெரும்பாலும் 20 மீட்டருக்கு உட்பட்ட ஆழம். பவளத்திட்டின் உடைந்த துண்டுகள் குவிந்த இடம், மணலும் பாறையும் கலந்த தரை, வற்று வேளையில் தேங்கி நிற்கும் பாறைக் குட்டை, இவைதான் அதற்குப் பிடித்தமானவை. சங்கு, சிப்பி ஓடு, மனிதன் வீசிய பாட்டில், தகர டப்பா எதுவானாலும் உள்ளே புகுந்து குடியிருக்கும். கடற்கரையில் ஓடு பொறுக்குகிறவர்கள் அந்த ஊர்களில் ஓட்டைக் குலுக்கிப் பார்த்துவிட்டுத்தான் பைக்குள் போட வேண்டும்.

தமிழ்நாட்டுக் கடலில் இருக்கிறதா?

நியர்ஸ்ட்ராஸி இனம் 1938-ல் வங்காள விரிகுடாவில் கிடைத்த ஒரே ஒரு மாதிரியை வைத்து விவரிக்கப்பட்டது. அடுத்த மாதிரி அறிவியல் பதிவுக்கு வர 2013 ஆகிவிட்டது. முக்கால் நூற்றாண்டு இடைவெளியில் இரண்டே இரண்டு! லுனுலாட்டாவும் இலங்கை வரை எட்டிப்பார்க்கிறது. ஆகவே "நம்ம பக்கம் வராது" என்று அடித்துச் சொல்ல முடியாது. அதே சமயம் ராமேஸ்வரத்திலோ தூத்துக்குடியிலோ கடலில் இறங்குகிற எல்லாரும் பயந்துகொண்டு இறங்க வேண்டிய விஷயமும் இல்லை.

நம் மீனவர்கள் பேய்க்கணவாய் என்று சொல்லி விற்பது பெரும்பாலும் வேறு ஆக்டோபஸ் இனங்கள். உடலெங்கும் நீல வளையமோ நீலக் கோடோ உள்ள சின்ன பேய்க்கணவாய் வலையில் ஏறினால் வெறுங்கையால் எடுக்க வேண்டாம். ஒரு குச்சியாலோ கரண்டியாலோ தள்ளிக் கடலில் விட்டுவிடலாம். முடிந்தால் அதற்கு முன் ஒரு படம் எடுத்து மீன்வள ஆராய்ச்சி நிலையத்துக்கு அனுப்பலாம். இரண்டு மாதிரிகளே பதிவான ஒரு இனத்துக்கு அந்த ஒரு படமே பெரிய விஷயம்.

வளையங்கள் எப்போதும் நீலமாக ஒளிர்ந்துகொண்டே இருக்குமா?

இல்லை. சும்மா இருக்கும்போது இது மஞ்சளும் பழுப்புமாக, பாறையோடு பாறையாகக் கிடக்கும். வளையங்கள் மங்கலாகத் தெரியலாம், தெரியாமலும் போகலாம். சீண்டினால்தான் நீலம் பளிச்சிடும், அதுவும் ஒரு நொடிக்குள். படங்களில் நாம் பார்க்கும் பளபளக்கும் ஆக்டோபஸ் பெரும்பாலும் கேமராக்காரரால் எரிச்சலடைந்த ஆக்டோபஸ்.

இது நடக்கும் விதம் அருமையானது. பொதுவாக ஆக்டோபஸ், கணவாய் வகைகள் நிறம் மாற்றுவது தோலில் உள்ள நிறமிப் பைகளை விரித்தும் சுருக்கியும். நீல வளையத்தில் நிறமியே கிடையாது. வளையத்துக்குள் கண்ணாடித் தகடு போன்ற மெல்லிய அடுக்குகள் கொண்ட செல்கள் இருக்கின்றன. அவற்றின் மேல் ஒளி பட்டுத் திரும்பும்போது நீலமும் பச்சை கலந்த நீலமும் மட்டும் வலுத்து வெளிவருகின்றன. மற்ற கணவாய்களிலும் இத்தகைய செல்கள் உண்டு, ஆனால் பலவற்றில் அவற்றின் மினுமினுப்பை மாற்ற வேதிச் செய்தி ஒன்று போய்ச் சேர வேண்டும். அதற்கு நொடிகளோ நிமிடங்களோ பிடிக்கும். நீல வளைய ஆக்டோபஸுக்கு அவ்வளவு பொறுமை இல்லை.

2012-ல் லுனுலாட்டாவைக் கொண்டு வெளியான ஆய்வு இதன் சூட்சுமத்தைக் காட்டியது. பளபளக்கும் செல்கள் எப்போதும் பளபளப்பாகவேதான் இருக்கின்றன. அவை தோல் மடிப்பாலான ஒரு சுருக்குப்பைக்குள் கிடக்கின்றன. பையின் வாயைச் சுற்றியுள்ள தசைகள் இறுகியிருக்கும் வரை உள்ளே இருப்பது வெளியே தெரியாது. அந்தத் தசைகள் தளர்ந்து, வளையத்தின் வெளி விளிம்பில் உள்ள தசைகள் இழுத்தால் வாய் திறந்து நீலம் தெரிகிறது. தசையை நேரடியாக நரம்பு இயக்குவதால்தான் இத்தனை வேகம். உடலில் இப்படிச் சுமார் 60 வளையங்கள். ஒவ்வொன்றைச் சுற்றியும், அடியிலும், கரும்பழுப்பு நிறமிப் பைகள் விரிந்துகொடுப்பதால் நீலம் இன்னும் எடுப்பாகத் தெரிகிறது. வளையத்தின் மேலே மட்டும் நிறமிப் பை ஒன்றுகூட இல்லை. மறைப்பதற்கு எதுவும் இல்லாமல் பார்த்துக்கொண்டிருக்கிறது.

இந்த நீலம் யாருக்கான எச்சரிக்கை? அதற்கே அது தெரியுமா?

கடித்துத் தின்ன வரும் மீன்கள், பறவைகள் போன்றவற்றுக்கு. ஆழமில்லாத கடலில் நீலமும் பச்சையும் நன்றாக ஊடுருவும். பல மீன்களின் கண்ணும் அந்த நிறங்களை நன்றாகப் பிடிக்கும். கடித்த பிறகு தெரிந்துகொள்வதைவிட கடிக்கும் முன்பே தெரிந்துகொள்வது இரு தரப்புக்கும் லாபம்.

ஆக்டோபஸ்களின் கண்ணில் பொதுவாக ஒரே வகை ஒளியுணர் நிறமிதான் உண்டு. அப்படிப்பட்ட கண் நாம் பார்ப்பதுபோல் நிறங்களைப் பிரித்துப் பார்க்க முடியாது. வெளிச்சம், இருட்டு வேறுபாடு மட்டும் தெரியும். அதாவது, இந்த நீலத்தை விலங்கு தன் சொந்தக்காரர்களுக்காக அணியவில்லை என்றுதான் தோன்றுகிறது. உடம்பே அலங்காரமாக இருந்தும் பார்க்கக் கொடுப்பினை இல்லை, பாவம்.

என்ன சாப்பிடும்?

முக்கியமாகச் சின்ன நண்டும் இறாலும். வாய்ப்புக் கிடைத்தால் மீனையும் விடாது. பதுங்கிவந்து பாய்ந்து பிடித்து, கிளிமூக்கு போன்ற அலகால் நண்டின் ஓட்டில் துளைத்து எச்சிலை உள்ளே செலுத்தும். நண்டு அசைவற்றுப் போன பிறகு சாவகாசமாகச் சாப்பிடும். இதற்குப் பயன்படுவது பின்பக்க உமிழ்நீர்ச் சுரப்பிகள் இரண்டு. நஞ்சு இருப்பது இந்தச் சுரப்பியில்தான் என்று நெடுங்காலம் நினைத்தார்கள். பிறகு பார்த்தால் கைகள், உடல் தசை என்று பல இடங்களிலும் இருக்கிறது. வேட்டைக்கு எச்சிலில் இருந்தால் போதும். தோலிலும் கையிலும் இருப்பது தன்னைத் தின்ன வருகிறவருக்காக.

அது என்ன நஞ்சு?

டெட்ரோடோடாக்சின். பேத்தை மீனில் இருக்கும் அதே நஞ்சு. ஜப்பானிய வேதியியலாளர் யோஷிசுமி தஹாரா 1909-ல் பேத்தையிலிருந்து பிரித்துப் பெயரிட்டது. நீல வளைய ஆக்டோபஸின் நஞ்சை முதலில் தனிப்பொருள் என்று எண்ணி மாக்குலோடாக்சின் என்று அழைத்தார்கள். இரண்டும் ஒன்றேதான் என்று 1978-ல் நிரூபணமானது. கடித்து நஞ்சேற்றும் ஒரு விலங்கில் டெட்ரோடோடாக்சின் இருப்பது அப்போது புதுச் செய்தி. பேத்தை கடித்து யாருக்கும் நஞ்சு ஏறுவதில்லை, தின்றால்தான் ஏறும்.

வேலை செய்யும் விதம் எளிமையானது. நரம்பில் செய்தி ஓட வேண்டுமானால் நரம்புச் செல்லின் சுவரில் உள்ள நுண்ணிய வாசல்கள் திறந்து சோடியம் அயனிகள் உள்ளே பாய வேண்டும். டெட்ரோடோடாக்சின் அந்த வாசலில் வெளியிலிருந்து வந்து அடைத்துக்கொள்கிறது. செய்தி நிற்கிறது, தசை அசைவதில்லை. மூச்சு விட உதவும் தசைகளும் தசைகள்தானே. அவையும் நின்றுவிடுகின்றன.

நஞ்சை அதுவே தயாரிக்கிறதா?

அறிவியலாளர்களிடையே இன்னும் முடிவாகாத கேள்வி. பேத்தையைப் பொறுத்தவரை, நஞ்சு பாக்டீரியாவிலிருந்து தொடங்கி உணவுச் சங்கிலி வழியாக வந்து சேர்கிறது என்பதே பலரின் கருத்து. ஆக்டோபஸிலும் உடலுக்குள் குடியிருக்கும் பாக்டீரியாதான் தயாரிக்கிறது என்று ஒரு கட்சி சொல்கிறது.

ஆனால் 2011-ல் லுனுலாட்டாவின் முட்டைகளை வைத்து வெளியான ஆய்வு ஒன்று எனக்கு மிகவும் பிடித்தது. தாய் இட்ட முட்டையிலேயே நஞ்சு இருந்தது. அதோடு முட்டைக்குள் கரு வளர வளர நஞ்சின் அளவும் கூடிக்கொண்டே போனது. முட்டைக்குள் இருப்பது எதையும் சாப்பிடுவதில்லை. அப்படியிருக்க நஞ்சு கூடுகிறது என்றால் உணவிலிருந்து வந்திருக்க முடியாது. குஞ்சே தயாரிக்கிறது, அல்லது தாய் கொடுத்தனுப்பிய பாக்டீரியா தயாரிக்கிறது. தாய் கொடுக்கும் சீதனம் அத்தோடு நிற்பதில்லை என்பது மட்டும் தெளிவு.

தன் நஞ்சு தன்னையே ஏன் தாக்குவதில்லை?

நஞ்சு அடைக்கும் அந்தச் சோடியம் வாசலின் அமைப்பு இவற்றில் சற்று மாறியிருக்கிறது. வாசலைக் கட்டும் புரதத்தில் சில அமினோ அமிலங்கள் வேறாக இருப்பதால் நஞ்சால் இறுகப் பற்ற முடிவதில்லை. பேத்தை மீனும் இதே வழியைத் தன் போக்கில் தனியாகக் கண்டுபிடித்துக்கொண்டது. 2020-ல் வெளியான மாக்குலோசாவின் மரபணுத் தொகுப்பிலும் இந்த மாற்றம் பதிவாகியிருக்கிறது.

இது முழுப் பாதுகாப்பு என்று மட்டும் நினைத்துவிட வேண்டாம். ஏன் என்பது இணைசேர்க்கை பற்றிய கேள்வியில் வருகிறது.

மனிதர்கள் இறந்திருக்கிறார்களா?

ஆம், ஆனால் எண்ணிவிடக்கூடிய அளவுக்குத்தான். உறுதியாகப் பேசப்படுபவை ஆஸ்திரேலியாவில் நடந்த இரண்டு. 1954-ல் டார்வின் கடற்கரையில் ஒரு இளைஞரின் தோளில் சின்ன ஆக்டோபஸ் ஒன்றை விளையாட்டாக ஊரவிட்டார்கள். அது கழுத்தருகே கடித்திருந்தது. 1967-ல் சிட்னியில் ஒரு இளம் ராணுவ வீரர் கையில் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தபோது கடிபட்டார். இரண்டு பேரும் இரண்டு மணி நேரத்துக்குள் இறந்தார்கள். கடிபட்டும் பிழைத்தவர்கள் இதைவிட நிறைய.

இந்தச் சம்பவங்களில் பொதுவான விஷயம் ஒன்று உண்டு. ஆக்டோபஸ் தேடிவந்து கடிக்கவில்லை. மனிதர் எடுத்து உடம்பில் வைத்துக்கொண்டபோதுதான் கடித்தது. நீந்திக்கொண்டிருக்கிறவரைத் துரத்திவந்து கடிக்கும் குணம் இதற்குக் கிடையாது; ஆள் வந்தால் பொந்துக்குள் போய்விடும்.

"ஒரே ஆக்டோபஸ் 26 பேரைக் கொல்லும்" என்கிறார்களே?

காகிதக் கணக்கு. உடலில் உள்ள மொத்த நஞ்சை மனிதனைக் கொல்லத் தேவைப்படும் அளவால் வகுத்தால் ஏதோ ஒரு எண் வரும். ஒரு விலங்குக்கும் இன்னொன்றுக்கும் நஞ்சின் அளவு வெகுவாக மாறும், ஒரு கடியில் எல்லாவற்றையும் செலுத்திவிடுவதும் இல்லை. எத்தனை பேர் என்ற எண்ணால் நமக்கு ஆகப்போவது ஒன்றுமில்லை. கடிபட்டவர் ஒருவராக இருந்தால் போதாதா?

கடித்துவிட்டால் என்ன செய்ய வேண்டும்?

முதலில் தெரிந்துகொள்ள வேண்டியது, கடி வலிக்காமலே போகலாம். சின்னக் கீறல், ஒரு துளி ரத்தம், சில சமயம் அதுவும் இருக்காது. சில நிமிடங்களில் உதடும் நாக்கும் மரத்துப்போகும். அப்புறம் பார்வை மங்கல், பேச்சுக் குழறல், விழுங்க முடியாமை, கைகால் தளர்ச்சி. கடைசியில் மூச்சு.

மாற்று மருந்து கிடையாது. ஆனாலும் இது பிழைக்க வைக்கக்கூடிய கடி. நஞ்சு மூச்சைத்தான் நிறுத்துகிறது. அந்த மூச்சை இன்னொருவர் கொடுத்துக்கொண்டே இருந்தால் உடல் நஞ்சை மெல்ல வெளியேற்றிவிடும். பெரும்பாலும் ஒரு நாளைக்குள் தசைகள் திரும்ப இயங்கத் தொடங்கும். ஆஸ்திரேலியாவில் சொல்லித்தரும் முதலுதவி இது: கடிபட்டவரைப் படுக்கவைத்து, கடிபட்ட கை அல்லது கால் முழுவதையும் அகலமான துணிக்கட்டால் இறுக்கிச் சுற்றி, அசையாமல் மட்டை கட்டி, உடனே ஆம்புலன்ஸை அழைக்க வேண்டும். தமிழ்நாட்டில் 108, இலங்கையில் 1990, ஆஸ்திரேலியாவில் 000. மூச்சு திணறினாலோ நின்றாலோ வாயோடு வாய் வைத்துச் செயற்கை மூச்சு கொடுக்கத் தொடங்கி, மருத்துவ உதவி வரும் வரை நிறுத்தக் கூடாது. இதயத் துடிப்பும் இல்லையென்றால் மார்பை அழுத்தும் முதலுதவியும் சேர்த்து. கடிவாயைக் கத்தியால் கீறுவது, வாய் வைத்து உறிஞ்சுவது எல்லாம் சினிமாவோடு போகட்டும்.

இன்னொன்றை யாரும் அழுத்திச் சொல்வதில்லை. இந்த நஞ்சு மூளைக்குள் எளிதில் போவதில்லை. கண் திறக்க முடியாமல், விரல் அசைக்க முடியாமல், பார்ப்பதற்குப் பிணம்போலக் கிடக்கும் அந்த ஆளுக்கு முழு நினைவு இருக்கலாம். சுற்றி நிற்பவர்கள் பேசுவதெல்லாம் காதில் விழும். "ஆள் போயிட்டார்" என்று அவர் எதிரிலேயே சொல்லி மூச்சுக் கொடுப்பதை நிறுத்துவதைவிடக் கொடுமை இருக்க முடியாது. பேசிக்கொண்டே இருங்கள், தைரியம் சொல்லுங்கள், என்ன செய்யப்போகிறீர்கள் என்று சொல்லிவிட்டுச் செய்யுங்கள்.

சமைத்தால் நஞ்சு போய்விடாதா?

போகாது. டெட்ரோடோடாக்சின் கொதிக்கும் நீருக்கெல்லாம் அசைந்துகொடுக்காது. பேத்தை மீன் குழம்பு ஆளைக் கொல்வதும் இதனால்தான். தைவானில் மற்ற ஆக்டோபஸ்களோடு கலந்துவந்த நீலக் கோட்டு ஆக்டோபஸைச் சாப்பிட்டு நஞ்சேறிய சம்பவம் பதிவாகியிருக்கிறது. குட்டி ஆக்டோபஸ்களைக் கூறாகப் போட்டு விற்கும் சந்தைகளில் இந்த ஆபத்து உண்டு. செத்த பிறகு நீலம் மங்கிவிடுவதால் கண்டுபிடிப்பதும் கஷ்டம்.

மை பீய்ச்சுமா?

வளர்ந்தவை பீய்ச்சுவதில்லை என்றே சொல்லலாம். மைப்பை சுருங்கி, பெயருக்கு இருக்கிறது. ஓடி ஒளிய வேண்டியவர்களுக்குத்தான் மை.

இணைசேர்க்கை எப்படி? அதில் என்ன விசேஷம்?

விசேஷம் இருக்கிறது, அதுவும் ஒன்றல்ல.

ஆண் ஆக்டோபஸுக்கு வலப்பக்கத்து மூன்றாவது கை இனப்பெருக்கத்துக்கானது. விந்து அடைத்த நீளமான பொட்டலத்தை அந்தக் கையால் பெண்ணின் உடலுக்குள் வைக்கிறது. லுனுலாட்டாவை வைத்து செங், கால்ட்வெல் என்ற இருவர் 2000-ல் வெளியிட்ட ஆய்வில், ஆண் எதிரே வருவது ஆணா பெண்ணா என்று பார்க்காமலே ஏறிக்கொள்வது தெரிந்தது. கையை உள்ளே விட்ட பிறகுதான் விஷயம் புரிகிறது போலும். ஆணோடு ஆண் சேர்ந்தால் அரை நிமிடத்தில் விலகிவிடும், விந்துப் பொட்டலமும் கொடுப்பதில்லை, சண்டையும் இல்லை. பெண்ணாக இருந்தால் இரண்டரை மணி நேரத்துக்கு மேலும் ஒட்டிக்கொண்டிருக்கும். பல சமயம் பெண்தான் உதறித் தள்ள வேண்டியிருக்கிறது.

அடுத்தது 2025-ல் குயின்ஸ்லாந்து பல்கலைக்கழக ஆய்வாளர்கள் வெளியிட்டது. இது நீலக் கோட்டு ஆக்டோபஸ் ஃபாசியாட்டாவைப் பற்றியது. இந்த இனத்தில் பெண் ஆணைவிடச் சுமார் இரு மடங்கு பெரியது. ஆக்டோபஸ் உலகில் பெரிய பெண் சின்ன ஆணைத் தின்றுவிடுவது உண்டு. வேறு இன ஆண்கள் இதைச் சமாளிக்க, தள்ளி நின்று நீளமான கையை மட்டும் நீட்டி வேலையை முடித்துக்கொண்டு ஓடிவிடுகின்றன. ஃபாசியாட்டா ஆணுக்கு அப்படி நீளமான கை இல்லை. பெண்ணின் முதுகில் ஏறித்தான் ஆக வேண்டும்.

அது என்ன செய்கிறது தெரியுமா? ஏறியவுடன் பெண்ணின் தலைக்குப் பின்னால், பெருந்தமனி இருக்கும் இடம் பார்த்துக் கடிக்கிறது. பெண் வெளிறிப்போகிறது. சுமார் 8 நிமிடங்களில் அதன் மூச்சு அசைவு நிற்கிறது. கண்ணில் வெளிச்சம் அடித்தாலும் பதில் இல்லை. இணைசேர்க்கை 40 முதல் 75 நிமிடம் வரை நடக்கிறது. பெண்ணின் கைகளுக்கு மெல்ல உயிர் திரும்பி, ஆணை உதறித் தள்ளும்போது முடிகிறது. பெண்கள் சாகவில்லை, அடுத்த நாள் வழக்கம்போலச் சாப்பிட்டன.

உடல் பாதி அளவாக இருந்தும், ஆணின் பின் உமிழ்நீர்ச் சுரப்பிகள் பெண்ணுடையதைப்போலச் சுமார் மூன்று மடங்கு எடை. இரை பிடிப்பதற்கு மட்டும் இவ்வளவு பெரிய சுரப்பி ஆணுக்கு எதற்கு என்ற புதிர் இங்கே அவிழ்கிறது. முன்பு சொன்ன சோடியம் வாசல் மாற்றமும் இங்கே வந்து பொருந்துகிறது. தமனி அருகே நேரடியாக ஏற்றினால் பெண்ணை மயக்கும் அளவுக்கு நஞ்சு வேலை செய்கிறது. கொன்றுவிடாத அளவுக்கு எதிர்ப்பு காப்பாற்றுகிறது. ஆணும் பெண்ணும் நஞ்சிலேயே ஒருவரையொருவர் அளந்து வைத்திருக்கிறார்கள்.

இதைக் "காதல் கடி" என்று செல்லமாக எழுதிய தலைப்புகளைப் பார்த்தேன். மூச்சு நிற்கும் வரை நஞ்சேற்றுவதற்கு அந்தப் பெயர் எனக்குச் சரியாகப் படவில்லை.

முட்டை, குஞ்சு?

மற்ற பல ஆக்டோபஸ்கள் முட்டையைப் பொந்தின் கூரையில் ஒட்டித் தொங்கவிடும். நீல வளைய ஆக்டோபஸ் தாய் முட்டைகளைக் கைகளுக்கு இடையிலேயே சுமந்துகொண்டு திரிகிறது. ஆபத்து வந்தால் முட்டையோடு இடம் மாறலாம் என்பது வசதி. முட்டைகளின் எண்ணிக்கையும் குறைவு. மாக்குலோசா 50, 100 என்ற அளவில்தான் இடுகிறது. பெரிய ஆக்டோபஸ் இனங்கள் லட்சக்கணக்கில் இடுவதோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள்.

வாரக்கணக்கில் சுமக்கும் அந்தக் காலம் முழுக்கத் தாய் சாப்பிடுவதில்லை. குஞ்சு பொரிந்ததும் இறந்துவிடும்.

லுனுலாட்டா குஞ்சுகள் பொரிந்தவுடன் மிதவை உயிரிகளாக நீரோட்டத்தில் போய், வளர்ந்த பிறகே தரைக்கு இறங்குகின்றன. மாக்குலோசா குஞ்சுகள் பெரிய முட்டையிலிருந்து வருவதால் பிறந்த கையோடு தரையில் ஊரத் தொடங்கிவிடும். அதனால்தான் லுனுலாட்டா இலங்கையிலிருந்து ஜப்பான் வரை பரவிக்கிடக்க, மாக்குலோசா ஒரே கண்டத்தின் ஒரு கரையோடு நின்றுவிட்டது என்று ஊகிக்கலாம். குஞ்சுகளுக்குப் பிறக்கும்போது நீல வளையம் இருக்காது. சில வாரங்கள் கழித்துத்தான் தோன்றும். நஞ்சு முட்டையிலேயே வந்துவிடுகிறது, அறிவிப்புப் பலகை பிறகுதான் வருகிறது.

தாய் ஏன் இறக்க வேண்டும்? பட்டினியாலா?

பட்டினி மட்டும் காரணம் இல்லை. 1977-ல் ஜெரோம் வோடின்ஸ்கி என்ற ஆய்வாளர் கரீபியன் கடலின் வேறொரு சிறிய ஆக்டோபஸ் இனத்தில் ஒரு சோதனை செய்தார். முட்டையைக் காத்துக்கொண்டிருந்த தாயின் கண்ணுக்குப் பின்னால் உள்ள சிறு சுரப்பிகளை அறுவை செய்து எடுத்தார். அது முட்டையைக் கைவிட்டு, திரும்பச் சாப்பிடத் தொடங்கி, எடை போட்டு, இன்னும் பல மாதம் வாழ்ந்தது. அதாவது உடலே ஒரு சுரப்பி வழியாக "போதும்" என்று முடிவெடுக்கிறது. நீல வளைய ஆக்டோபஸின் தாயிலும் இதே ஏற்பாடுதான் என்று கருதலாம். எப்படியும் வாழ்நாள் குறுகியது. மாக்குலோசாவுக்கு ஏழெட்டு மாதம்.

ஆக்டோபஸுக்கு ஒன்பது மூளை, மூன்று இதயம் என்பது உண்மையா?

இதயம் மூன்று, சரி. இரண்டு செவுள்களுக்கு, ஒன்று உடலுக்கு. ரத்தம் நீலம், அதில் இரும்புக்குப் பதில் செம்பு. மூளை ஒன்றுதான். எட்டுக் கைகளிலும் பருமனான நரம்புத் தண்டு ஓடுகிறது, நரம்புச் செல்களில் பெரும்பகுதி அங்கேதான் இருக்கிறது. அதை "எட்டு மூளை" என்று கூட்டிச் சொல்லிவிட்டார்கள்.

வேறு ஆக்டோபஸோடு குழப்பிக்கொள்ள வாய்ப்பு உண்டா?

உண்டு. சில இனங்களில் கண்ணுக்குக் கீழே, பக்கத்துக்கு ஒன்றாக, நீல வளையம் கொண்ட பொய்க்கண் இருக்கும். அவை வேறு. நீல வளைய ஆக்டோபஸில் வளையமோ கோடோ உடல், தலை, கை எங்கும் பரவியிருக்கும். இந்த வித்தியாசத்தைத் தொட்டுப் பார்த்து உறுதிசெய்ய வேண்டியதில்லை.

வீட்டுத் தொட்டியில் வளர்க்கலாமா?

சில நாடுகளில் வண்ணமீன் வியாபாரத்தில் இது விற்கப்படுகிறது. வாங்காதீர்கள். சின்ன உடல் என்பதால் மூடியின் விரல் நுழையாத இடுக்கிலும் நழுவி வெளியேறும்; தொட்டியைச் சுத்தம் செய்யும் கை, வீட்டுக் குழந்தை, பூனை யாரும் அதன் வழியில் வரலாம். கடையில் இருக்கும்போதே பெரும்பாலும் வளர்ந்த விலங்காக இருக்கும், அதாவது கொடுத்த காசுக்கு மிஞ்சியிருப்பது ஒருசில மாதமோ வாரமோதான். அதிலும் அது பகலெல்லாம் ஏதாவது ஓட்டுக்குள் பழுப்பு நிறத்தில் ஒடுங்கிக் கிடக்கும். நீலத்தைப் பார்க்க வேண்டுமென்றால் தினம் அதைச் சீண்ட வேண்டியிருக்கும்.